தெரியவே தெரியாது

டெய்லரக்கா வாயைத் திறந்தால் தையல் மிஷின் தானாக நின்றுவிடும் என்று பெண்கள் சிறையில் கேலி செய்வார்கள். கெட்ட சகவாசத்தில் சிக்கப் பார்க்கும் பெண்பிள்ளைகளைக் காப்பகத்திலிருந்து வேனில் கூட்டிவந்து அவள்முன் உட்கார வைப்பதும் அதனால்தான். புருஷன் கொடுத்த பொட்டலத்தை என்ன ஏது என்று கேட்காமல் கொண்டுபோய் மாட்டிக்கொண்ட கதையை அழுகையும் சிரிப்புமாகச் சொல்வாள். கடைசியில் ஒரு வரி சேர்ப்பாள்: "ஆனாலும் அவரு என்னைக் கைவிடல. மாசம் தவறாம வந்து பாக்குறாரு."

பச்சைப் பொய். தையல் கூடத்தில் எல்லோருக்கும் தெரியும். மானமாவது மிஞ்சட்டுமே என்று தலையைக் குனிந்து தைத்துக்கொண்டிருப்பார்கள்.

அன்று மற்ற பெண்கள் வேனுக்குப் போனபிறகும் ரெட்டைப் பின்னல்காரி ஒருத்தி மட்டும் நின்றாள்.

"அக்கா, நாளைக்கு எங்காளு ஒரு பை குடுப்பாரு. கொண்டுபோய் சேக்கணும். பயமாத்தான் இருந்துச்சு. உங்க கதையக் கேட்டதும் போயிருச்சு."

"என் கதையக் கேட்டா?"

"மாட்டினாக்கூட மாமா உங்கள விட்டுட்டுப் போகலையே."

டெய்லரக்கா எழுந்துவிட்டாள். புத்தி சொல்ல உட்கார்ந்தவள் தைரியம் சொல்லி அனுப்புகிறாள், நல்ல லட்சணம்தான்! மிஷின்கள் நிஜமாகவே நின்றுவிட்டன. அவள் அலமாரியின் அடியிலிருந்து மடிப்புக் கலையாத ஒரு சட்டையை இழுத்துவந்தாள்.

"அவரு வந்தா குடுக்கலாம்னு தச்சேன். ஒரு தடவகூட வரலடி. கோர்ட்டுல என்னைத் தெரியவே தெரியாதுன்னுட்டாரு. நான் சொன்னது பொய். நீ போகாத."

எல்லோர் முன்னாலும் உடைந்து அழுதாள். பெண்ணின் கண்ணும் கலங்கியது. அப்பாடா, உறைத்துவிட்டது என்று நினைத்தாள் டெய்லரக்கா.

"அழாதீங்கக்கா. மாமா வந்துருவாரு. அவருக்கு என்ன கஷ்டமோ." சட்டையைத் தடவிக்கொடுத்துவிட்டுக் கிளம்பினாள். "எங்காளு அப்படியில்லக்கா."

ஹாரன் அடித்தது. டெய்லரக்கா கம்பிக் கதவுவரை ஓடினாள். அதற்குமேல் அவளை விடமாட்டார்கள்.

"வார்டரம்மா! அந்தப் பொண்ணு நாளைக்குப் பை தூக்கப் போறா! வண்டிய விடாதீங்க!"

வேனில் ஏறப்போனவளின் கையை வார்டரம்மா பிடித்தார். பெண் திரும்பிப் பார்த்தாள். முகத்தில் இப்போது கண்ணீர் இல்லை.

"நான் ஒண்ணுமே சொல்லல. இவங்க யாரு? எனக்கு இவங்களத் தெரியவே தெரியாது."

அந்த வார்த்தையை இரண்டாம் தடவையாகக் கேட்கிறாள் டெய்லரக்கா. ஆனாலும் கம்பியை விடவில்லை. வேன் நகராமல் நிற்கிறதா என்றுதான் பார்த்துக்கொண்டிருந்தாள்.