வளைவில் நிற்கும் பாட்டு

1

இந்தக் கதை என் தலையில் தோன்றவில்லை. தொடைமேல் ஏறி உட்கார்ந்தது.

போடியிலிருந்து மெட்டு மலைக்கு ஏலக்காட்டு ஆட்களை ஏற்றிப்போகும் மொக்கையன் ஜீப்பில், பின்பக்க ஓரத்தில், தூக்குச்சட்டியை மடியில் வைத்துக்கொண்டு பாதித் தூக்கத்தில் இருந்தேன். எதிரே இருந்த பாண்டியராஜ், "அண்ணே, சட்டியக் கீழ வச்சிட்டு இதக் கொஞ்சம் பிடிங்க" என்று ஒரு சைடு டிரம்மை என் மடியில் வைத்தான். வைத்ததோடு விட்டானா? குச்சியை எடுத்து அடிக்கவும் தொடங்கிவிட்டான். காதுக்கு வருமுன் பாட்டு எனக்கு எலும்பில் கேட்டது.

அன்றிலிருந்து அந்த டிரம்முக்கு என் மடிதான் மேசை. மேசை சொல்லும் கதை என்று எழுதிப் பார்த்தேன். மேசைக்கு அது பிடித்திருந்தது. ஆனால் கதை மேசையுடையது அல்ல, அனுசியாவுடையது. ஆகவே மேசை ஓரமாகவே இருக்கட்டும்.

2

முதலில் எழுதிய தொடக்கம்: "ஏலக்காய் மணக்கும் மலைச்சாரலில் ஒரு குயில்..."

(நிறுத்திவிட்டேன். ஏலக்காய் உங்கள் பாயசத்தில் மணக்கும். காட்டில் எங்களுக்கு மணப்பது பூச்சிமருந்து.)

இரண்டாவது தொடக்கம்: "பாவம் அனுசியா. அவள் குரல் உடைந்தபோது..."

இதை ஜீப்பில் வாசித்துக் காட்டினேன். எழுதியதை யாருக்காவது வாசித்துக் காட்டாமல் எனக்கு இருப்புக்கொள்ளாது. எழுத்து கைக்கு வந்ததே நரை வந்த பிறகுதான்.

"பாவமா? யாரு பாவம்?" என்றாள் அனுசியா.

"இல்ல தாயி, கதைக்கு அப்படி ஆரம்பிச்சா..."

"ஊரே பாவம் பாத்து முடிச்சிருச்சு. மிச்சத்த நீங்க பாக்குறீகளாக்கும்? அடிங்கண்ணே அத."

அவளோடு காயெடுக்கும் இருளம்மாள் பக்கத்திலிருந்து, "அடிச்சிட்டுத் 'திமிரு பிடிச்சவ அனுசியா'ன்னு போடுங்க. அதான் பொருந்தும்" என்றாள்.

அடித்துவிட்டேன். திமிர் பிடித்தவள் என்றும் போடவில்லை. இரண்டு பேரையும் பகைத்துக்கொள்ளாமல் மூன்றாவது தொடக்கம் ஒன்று இருக்கிறது. அது வரலாறு.

3

முன்னொரு காலத்தில் போடியில் 'மலைத்தென்றல் இன்னிசைக் குழு' என்று ஒன்று இருந்தது. ராம்பிரசாத் என்பவர் நடத்தினார். அனுசியா பாட, பாண்டியராஜ் டிரம் அடிக்க, செழியன் கிடார் வாசிக்க, சுற்றுப்பட்டுச் சாமிகும்பிடுகளில் எல்லாம் அவர்கள் கச்சேரிதான். பிறகு மூன்று பேரும் ஒவ்வொருவராக வெளியே வந்தார்கள். பாண்டியராஜின் இடத்தில் ஒரு தாள மிஷின் வந்து உட்கார்ந்தது. செழியனுக்கு வாய் நீளம். அனுசியாவுக்குத் தொண்டை.

பொட்டிபுரத்துப் பக்கம் ஒரு வைகாசிச் சாமிகும்பிடு. உச்சியில் ஏறவேண்டிய இடத்தில் அவள் குரல் ஏறவில்லை. பழைய சேலை கிழிவதுபோல் நீளமாகக் கிழிந்தது. கூட்டத்தில் ஒருவன் அதே கிழிசலை வாயால் செய்து காட்டினான். பிறகு விசில். அவள் மைக்கைக் கீழே இறக்கிவிட்டு, பாட்டு முடியும்வரை வாயை மூடிக்கொண்டு நின்றாள். இசை ஓடிக்கொண்டிருந்தது. நடுமேடையில் சும்மா நிற்பது எவ்வளவு நீளமான வேலை என்று அன்றுதான் தெரிந்துகொண்டாள்.*

மருத்துவர் பார்த்துவிட்டு, "புண்ணு எதுவும் இல்ல. பேசலாம், பாடலாம். பழைய கொரல் மட்டும் திரும்பாது" என்றார். ராம்பிரசாத் வேறு பெண்ணைப் பார்த்துக்கொண்டார். அனுசியா ஏலக்காட்டுக்கு ஜீப் ஏறினாள். இனி நாலு பேர் முன்னால் வாயைத் திறப்பதில்லை என்பது அவளுடைய முடிவு. திறந்தால் அந்த விசில் காதில் விழும்.

* அவள் என்ன தெரிந்துகொண்டாள் என்பது எனக்கு எப்படித் தெரியும் என்று நீங்கள் கேட்கலாம். நானும் அவளிடம் கேட்டேன். "சோலியப் பாருங்கண்ணே" என்றாள். அதனால் நானாகத்தான் எழுதுகிறேன்.

4

செழியன் இரண்டு வருடம் பெங்களூரில் கச்சேரி மேடைகளுக்கு ஒலிப்பெட்டி தூக்கினான். இடுப்புவலியோடு ஊருக்குத் திரும்பியபோது பாண்டியராஜும் அனுசியாவும் போகும் அதே தோட்டத்தில்தான் வேலை கிடைத்தது. மலைத்தென்றல் கலைந்தபின் மூன்று பேரும் ஒன்றாக உட்கார்ந்தது மொக்கையன் ஜீப்பில்தான்.

"அங்க ஒரு குழு பாத்தேன் மாப்ளே" என்று பாண்டியராஜிடம் சொன்னான் செழியன். "மூணே பேரு. சுதியும் சேரல. பாடுறவன் தொண்ட பிஞ்ச மாதிரிக் கத்துறான். சனம் என்னடான்னா எந்திரிச்சுக் குதிக்குது. பங்க் ராக்குன்னு பேராம்."

"சுதி சேராததுக்கு ஒரு பேரா?" அனுசியா சிரித்தாள். "அப்ப நம்ம ராம்பிரசாத் அண்ணனுக்கு அங்க செலை வச்சிருப்பாய்ங்களே."

"அதில்லக்கா. அழகா இருக்கணும்னு பாடல. வயித்தெரிச்சல்ல பாடுறாய்ங்க."

"வயித்தெரிச்சலா? அது நம்மகிட்ட மூடை மூடையாக் கெடக்கே."

சிரிப்போடு முடிந்திருக்க வேண்டிய பேச்சு. மழைக்காலம் அது. அன்று சாயங்காலம் ஜீப் இறங்கும்போது, கெண்டைக்காலில் ஒட்டியிருந்த அட்டைமீது உப்பை வைத்துக்கொண்டே அனுசியா யாரிடமும் என்றில்லாமல் சொன்னாள்: "அட்ட கடிச்சா உப்பு வைக்கிறோம். கங்காணி கடிச்சா என்னத்த வைக்கிறது?"

செழியன் நிமிர்ந்தான். "அக்கா, அத இன்னொருக்காச் சொல்லு."

"எத?"

"இப்பச் சொன்னத. கத்திச் சொல்லு."

அவள் மாட்டேன் என்றாள். பாண்டியராஜ் என் மடிமேல் அடிக்கத் தொடங்கினான். இருளம்மாள், "ஒனக்கு வாயில என்ன கொழுக்கட்டையா?" என்றாள். கோபமோ என்னவோ, அனுசியா கத்திவிட்டாள்.

அட்ட கடிச்சா உப்பு வைப்போம்!
கங்காணி கடிச்சா என்ன வைப்போம்?

'என்ன' என்ற இடத்தில் குரல் கிழிந்தது. அதே கிழிசல். அவள் விசிலுக்காகக் காதைத் தயார் செய்துகொண்டாள். விசில் வரவில்லை. "மொளகாப்பொடி!" என்று இருளம்மாள் கத்தினாள். ஜீப் முழுக்கச் சிரிப்பு.

குழுவுக்கு 'அட்டைக்கடி' என்று பெயர் வைத்தார்கள். மலையில் பிறந்த முதல் பங்க் ராக் குழு அதுதான் என்று எழுத ஆசை. ஆனால் அடுத்த மலையில் என்ன நடக்கிறது என்று நான் போய்ப் பார்க்கவில்லை.

5

இங்கே கொஞ்சம் கட்டுரைபோல எழுதவேண்டியிருக்கிறது. பொறுத்துக்கொள்ளுங்கள், சீக்கிரம் முடித்துவிடுகிறேன்.

அட்டைக்கடி ஒத்திகை பார்த்தது ஜீப்பில் மட்டும். காட்டில் வேலை; வீட்டில் அக்கம்பக்கம். ஜீப்பில்தான் மூன்று பேரும் ஒன்றாகச் சும்மா இருப்பார்கள். அந்தப் பாதையோ கொண்டை ஊசி வளைவுகளால் ஆனது. வளைவு வந்ததும் மொக்கையன் ஒலிப்பானை அழுத்தி, "பிடிச்சுக்கோ!" என்பான். பாண்டியராஜ் குச்சியை அக்குளில் செருகி மேல்கம்பியைப் பிடிப்பான். செழியனும் பிடிப்பான். அனுசியா என் தோளையோ இருளம்மாள் கொண்டையையோ பிடிப்பாள். எல்லோரும் ஒருபக்கமாகச் சாய்வோம். பாட்டு நிற்கும். வளைவு தாண்டியதும் விட்ட இடத்திலிருந்து பிடிக்கும்.

(நான் எழுத்துக் கூட்டிப் படித்ததும் அந்த வளைவுப் பலகைகளில்தான். "ஒ...லி... எ...ழு..." என்று கூட்டுவதற்குள் ஜீப் திரும்பிவிடும். மிச்சம் மறுநாள். என் வாக்கியங்களில் சில இப்படிப் பாதியில்)

கங்காணி வரிக்குப் பிறகு ஒரு பெரிய வளைவு வரும். அந்த இடைவெளியில் தினமும் யாராவது பதில் கத்துவார்கள். சுண்ணாம்பு. கம்பளிப்பூச்சி. "அவரு பொண்டாட்டியக் கூட்டியாந்து விடுவோம்!" முன்சீட்டில் உட்கார்ந்து வரும் கங்காணி சின்ராசு எல்லாம் கேட்டுக்கொண்டுதான் வருவார். ஒருநாள் பொறுக்காமல் திரும்பி, "ஏப்பா, ஒருநாளைக்காச்சும் டீ வைங்களேன்!" என்றார். அதுதான் இதுவரை வந்ததிலேயே நல்ல பதில் என்று ஒத்துக்கொண்டோம்.

ஒன்று மட்டும் யாருக்கும் உறைக்கவில்லை. அந்தப் பாட்டை அவர்கள் சமதரையில் ஒருமுறைகூட வாசித்துப் பார்த்ததில்லை.

6

மொக்கையன் மகளுக்குக் காதணி விழா. போடியில் மண்டபம்.

"கச்சேரிக்கு நம்ம புள்ளைகதான்" என்றான் மொக்கையன். "வேற ஆளுக்கு நான் எங்கிட்டுப் போக?"

"நான் வரல" என்றாள் அனுசியா.

"ஏன் ஆத்தா?"

"போடியில பாடமாட்டேன். ஜீப்புல பாடுறது வேற, மேடை வேற."

"ராம்பிரசாத்துக்கும் பத்திரிக்க வச்சிருக்கேன். ஒறவுமொறை. வைக்காம இருக்க முடியல."

மறுநாள் காலை ஜீப்பில் ஏறியதும், "வர்றேன்" என்றாள்.

இங்கேதான் எனக்கு அவள்மேல் சந்தேகம். மனசு ஏன் மாறியது? ராம்பிரசாத்துக்குக் காட்டவேண்டும் என்றா? எழுதிப் பார்த்தேன், அவள் அவ்வளவு சின்ன ஆள் இல்லை. மொக்கையன் மனசு கோணக்கூடாது என்றா? அவ்வளவு நல்லவளும் இல்லை. முந்தின நாள் காயெடுக்கும்போது, ஏலச்செடித் தட்டைகளுக்குள் குனிந்தபடி, யாரும் இல்லை என்று நினைத்து அவள் அந்த வரியை மெதுவாகப் பாடிப் பார்த்ததை இருளம்மாள் கேட்டிருக்கிறாள். கத்தாமல், கிழிசல் வரும் இடத்தைத் தடவிப் பார்ப்பதுபோலப் பாடினாளாம். காரணம் அதற்குள் எங்கேயோ இருக்கிறது. எனக்கு எட்டவில்லை.

7

மண்டபம். வாழைமரம், சீர்வரிசை, மைக்கில் மொய்க்காரர்களின் பெயர்கள். மூன்றாவது வரிசையில் நான், மடி காலியாக. டிரம்முக்கு இப்போது இரும்புத் தாங்கி வந்துவிட்டது. எனக்குக் கொஞ்சம் பொறாமை.

மேடையில் அனுசியா மைக்கைப் பிடித்தாள். எதிரே பட்டுச்சேலைகளும், அன்று விசிலடித்தவனாக இருக்கக்கூடிய எல்லா முகங்களும். செழியன் கிடார் கம்பியை இழுத்தான். ஒலிப்பெட்டி உறுமியது. குழந்தைகள் காதைப் பொத்திக்கொண்டன. அவள் கண்ணை மூடிக்கொண்டு தொடங்கினாள். முதல் வரியைத் தாண்டினாள்.

கங்காணி கடிச்சா என்ன வைப்போம்?

குரல் கிழிந்தது. பாட்டு நின்றது.

மூன்று பேரும் ஒரே நேரத்தில் வலப்பக்கம் சாய்ந்தார்கள். பாண்டியராஜின் கை மேலே போய், இல்லாத கம்பியைத் தேடிக் காற்றைப் பிடித்தது. சாய்ந்த நிலையிலேயே அனுசியா கண்ணைத் திறந்தாள். இங்கே வளைவு இல்லை என்பது அப்போதுதான் அவளுக்கு உறைத்தது. நடுமேடை. சும்மா நிற்கிறாள். மறுபடியும்.

முடிவு ஒன்று: விசில் வந்தது. அவள் இறங்கிப் போனாள். (யாரும் சொல்லாமலே அடித்துவிட்டேன்.)

முடிவு இரண்டு: ராம்பிரசாத் கண் கலங்கி எழுந்து வந்து, "அனுசியா, திரும்ப வாம்மா..." (பாண்டியராஜ் இதைக் கேட்டுவிட்டு, "அவரு அப்பப் பந்தியில பாயாசம் குடிச்சிட்டு இருந்தாருண்ணே" என்றான்.)

முடிவு மூன்று: யாரோ கைபேசியில் படம் பிடித்து, உலகமெல்லாம் பார்த்து, சென்னையிலிருந்து ஒரு கார் வந்து, அந்தக் காரின் கதவைத் திறந்துகொண்டு (எழுதும்போதே தூங்கிவிட்டேன். காலையில் எழுந்து பார்த்தால் கார் இல்லை.)

8

நான் பார்த்ததைச் சொல்கிறேன். அவ்வளவுதான் என்னால் முடியும்.

பாட்டு நின்ற அந்த நொடியில் நானும் சாய்ந்திருந்தேன். வேண்டுமென்று சாயவில்லை; உடம்பு போய்விட்டது. என் முன்னால் இருளம்மாளும் சாய்ந்திருந்தாள், கையில் வெற்றிலையோடு. அவளுக்கு அந்தப் பக்கம் சின்ராசு. அப்புறம் நான்காம் வரிசை, ஆறாம் வரிசை, சுவரோரம் நின்றவர்கள். மண்டபத்தில் யார் யார் விடியலில் மலையேறுகிறவர்கள் என்பது அப்போது ஒரே பார்வையில் தெரிந்தது. பட்டு உடுத்தியிருந்தாலும் உடம்பு வளைவை மறக்கவில்லை. வாசலில் சந்தனக் கிண்ணத்தோடு நின்றிருந்த மொக்கையன், மகளின் விழா என்பதையும் மறந்து, "பிடிச்சுக்கோ!" என்று கத்தினான்.

அனுசியா அதைப் பார்த்தாள். அத்தனை தலைகள் அவளோடு சேர்ந்து ஒருபக்கமாகச் சாய்ந்திருப்பதைப் பார்த்தாள். அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஜீப்பில் வரும் அதே கட்டைச் சிரிப்பு மைக்கில் மண்டபம் முழுக்கக் கேட்டது.

பிறகு மைக்கை வாயிலிருந்து எடுத்தாள். அந்த வைகாசியில் இறக்கியதுபோல் இறக்கவில்லை. எங்கள் பக்கமாக நீட்டினாள்.

இங்கே நிறுத்துகிறேன். நாங்கள் என்ன கத்தினோம் என்று எழுதலாம். எழுதினால் அது எங்கள் ஜீப்பின் பதிலாகிவிடும். உங்களுக்கும் ஒரு கங்காணி இருப்பார், அலுவலகத்திலோ அடுக்களையிலோ. அவருக்கு என்ன வைப்பது என்று எனக்கு எப்படித் தெரியும்?

வளைவு பாதியில் இருக்கிறது. சாய்ந்த தலைகள் சாய்ந்தபடி, மைக் நீட்டியபடி. கொஞ்சம் வெரசாச் சொல்லுங்கள், வாரமெல்லாம் காயெடுத்த கை அது.