இன்னொண்ணு போலாம்

முதல் டேக்கிலேயே அவன் காட்சியை முடித்துவிட்டான். எனக்கு வயிறு பற்றி எரிந்தது.

சின்னக் காட்சிதான். மனைவி செத்துப்போனபின் வீட்டைக் காலி செய்கிறவன், சாவிக்கொத்திலிருந்து வாசல் சாவியைக் கழற்றி ஜன்னல் விளிம்பில் வைத்துவிட்டுப் போக வேண்டும். வசனம் கிடையாது. ஆனால் வளையம் புதுசு, சரியான இறுக்கம். நகத்தால் நெம்பினான், வரவில்லை. பல்லால் கடித்தான், வரவில்லை. சிரித்துவிட்டான். “நீயும் விடமாட்டியா?” என்று சாவியைப் பார்த்துக் கேட்டான். நாங்கள் எழுதாதது. சிரிப்பு பாதியிலேயே உடைந்து, தோள் குலுங்க ஆரம்பித்தது. கேமராவைப் பிடித்திருந்த பெண் உதட்டைக் கடித்துக்கொண்டு நின்றாள்.

இயக்குகிறவனே நடித்தால் ஓகே சொல்ல ஒரு ஆள் வேண்டுமே, அது நான். எடுத்ததை அவன் அங்கேயே போட்டுப் பார்க்க மாட்டான். பார்த்தால் அடுத்த டேக்கில் தன்னையே காப்பியடிப்பானாம். என் முகத்தைத்தான் பார்ப்பான்.

பார்த்தான்.

“இன்னொண்ணு போலாம் மாப்ள,” என்றேன்.

அவன் என் தங்கையைக் கட்டியவன். அதற்கு முன்பே கூட்டாளி. எங்கள் முதல் படத்தில் நான்தான் கதாநாயகன், தெரியுமா? பதினோரு நாள் நடித்தேன். பன்னிரண்டாம் நாள் காய்ச்சலில் சுருண்டுவிட்டேன். “ஒரு ஷாட்தானே மச்சான், முதுகு மட்டும்தான், நான் நிக்கிறேன்,” என்று என் சட்டையை வாங்கிப் போட்டுக்கொண்டான். படம் பார்த்த நாற்பது பேரும் அந்த முதுகைப் பற்றித்தான் பேசினார்கள். பதினோரு நாள் காட்டிய என் மூஞ்சியைப் பற்றி ஒருத்தர் வாயைத் திறக்க வேண்டுமே! அதற்கப்புறம் நான்கு படம், நான்கிலும் அவனே. இந்தக் கதையை முதலில் எனக்கென்றுதான் எழுதினான். பிறகு, “நீ ரொம்ப நடிச்சிருவ மச்சான்,” என்றான். “அவருக்கு உன் கண்ணு மேலதாண்ணா நம்பிக்கை,” என்று தங்கை சமாதானம் சொன்னாள். கண்ணை வைத்துக்கொண்டு நான் என்ன செய்வது?

இரண்டாவது டேக்கில் அழுகை முன்னாலேயே வந்துவிட்டது. நான்காவதில் சாவியிடம் பேசியது ஒப்பித்ததுபோல் இருந்தது. “என்ன மச்சான் கொறையுது?” என்று ஒவ்வொரு முறையும் கேட்டான். வாய்க்கு வந்ததைச் சொன்னேன். ஒன்பதாவதில் நகம் பிய்ந்து ரத்தம் வந்தது. வேட்டியில் துடைத்துக்கொண்டான்.

“கார்டு ஃபுல்லுண்ணே,” என்றாள் கேமராப் பெண். எங்களிடம் இருப்பதே ஒரு மெமரி கார்டுதான். நிறைந்தால் நான் வேண்டாமென்றதில் பழசை அழித்து இடம் செய்துகொள்வோம். இந்த நான்கு படமும் அப்படித்தான். “மொதல் டேக்க அழிக்கவா?” அவள் அவனைக் கேட்கவில்லை. நேராக என்னைத்தான் பார்த்தாள்.

“ஒரு நிமிஷம் இரும்மா,” என்று அவன் என்னிடம் வந்தான். முகம் செத்துப்போயிருந்தது. “எனக்கு வரல மச்சான். நீ செஞ்சு காட்டேன். உனக்குத்தான் அது எங்கயோ தெரியுது.”

கொத்தை என் கையில் வைத்துவிட்டு, அவனே கேமராவுக்குப் பின்னால் போய் நின்றான். ஐந்து வருஷம் கழித்து எனக்கொரு காட்சி. ஜன்னலருகே போனேன். வளையத்தில் நகத்தை வைத்தேன்.

ஒன்பது முறை நெம்பிய வளையம் தளர்ந்துபோயிருந்தது. தொட்டதும் சாவி வழுக்கிக்கொண்டு உள்ளங்கையில் விழுந்தது. சிரிப்பு வரவில்லை. சாவியிடம் சொல்ல எனக்கு ஒன்றுமே இல்லை.

“அண்ணே,” என்றாள் அவள் மறுபடியும். விரல் பட்டன்மேல் இருந்தது. “மொதல் டேக்க அழிக்கவா, வேணாமா?”

“மச்சான் சொல்றபடி செய்,” என்றான் அவன், பிய்ந்த விரலை வாயில் வைத்தபடி.

இருவரும் என் தலை எப்படி ஆடுமென்று பார்த்துக்கொண்டிருந்தார்கள். சாவியில் ஒட்டியிருந்த அவன் ரத்தம் இன்னும் காயவில்லை.