ராத்திரி முறைக்கு யார் வருவது?

"கோர்ட்டுல போயி நாலு வார்த்த சொன்னா ஒன் வாயி வெந்தா பூடும்? சொல்லுய்யா!"

"கத்தாதமே. மில்லு வாசல்ல நின்னுகினு..."

"கத்துவேன். அந்த அக்கா கேஸு தோத்தா மேஸ்திரி வேல யாருக்கு? அடுத்த சீனியாரிட்டி நீதான? மில்லுக்காரனே ஒன்ன சாட்சிக்குக் கூப்புடறான். வாசப்படி ஏறி வர்றத எவனாவது வேணாம்பானா?"

மதில் சுவருக்கு உள்ளே சைக்கிள் கொட்டகையில் நின்ற ஆயம்மாளின் காதில் அத்தனையும் விழுந்தது. அந்த அக்கா அவள்தான். வெளியே கத்தியது, அவளோடு வேலை பார்க்கும் பக்கிரியின் பெண்டாட்டி கொளஞ்சி. புருசனுக்குச் சோறு கொண்டு வந்தவள். பக்கிரி என்ன பதில் சொல்லப்போகிறான் என்று ஆயம்மாள் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அதற்குள் சங்கு ஊதிவிட்டது. பதில் அந்தச் சத்தத்தில் போயிற்று.

1981ஆம் வருசம் அது. மறுநாள் புதுச்சேரி லேபர் கோர்ட்டில் அவள் வழக்கு.

அந்த மில்லில் ஆயம்மாளுக்கு ரீலிங் பிரிவில் வேலை. நூலைச் சிட்டம் சிட்டமாகச் சுற்றுகிற இடம். பகலில் பெரும்பாலும் பெண்கள்தான், ராத்திரியில் ஆண்கள். ஆனாலும் மேஸ்திரியாக ஒரு பெண் வந்ததே கிடையாது. பிரிவில் எல்லோருக்கும் மூத்தவள் ஆயம்மாள். இதற்கு முன்னால் இரண்டு தடவை, அவளுக்குப் பின்னால் சேர்ந்த ஆண்களை மேலே ஏற்றினார்கள். வாயை மூடிக்கொண்டிருந்தாள். இந்த முறையும் விட்டால் அவ்வளவுதான், ஓய்வு பெறுகிற வயசு வந்துவிடும்.

பழைய மேஸ்திரி போன பிறகு ஒன்றரை வருசமாக அந்த வேலையை அவளும் பக்கிரியும்தான் பார்த்தார்கள். பகல் முறை வந்தால் ஆயம்மாள். ராத்திரி முறை வரும் வாரம் பக்கிரி. சூப்பர்வைசர் சொல்லித்தான் அந்த ஏற்பாடு. வேலையை நிரந்தரம் ஆக்கும்போதுதான் நிர்வாகம் புதுசாக ஒன்று சொன்னது. மேஸ்திரி என்றால் ராத்திரியும் வரவேண்டும், பொம்பளையை ராத்திரி வேலைக்கு வைக்கச் சட்டம் இடம் கொடுக்காது, ஆகையால் பக்கிரிக்குத்தான் என்றது. சங்கத் தலைவர் தேவதாஸ் வழக்குப் போட்டார்.

பக்கிரியிடம் போய்க் கேட்கலாமா என்று அன்று முழுக்க ஆயம்மாள் யோசித்தாள். 'எனக்காகச் சொல்லுப்பா' என்றால் என்ன அர்த்தம்? உன் வயிற்றில் நீயே மண்ணைப் போட்டுக்கொள் என்றுதானே? கேட்கவில்லை.

கோர்ட்டில் மில் வக்கீல் பக்கிரியைக் கூண்டில் ஏற்றினார். கொளஞ்சியும் வந்து கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள்.

"மேஸ்திரின்னா ராத்திரியும் வரணுமா, வேணாமா?"

"வரணும் சார்."

"வரலன்னா செக்சன் ஓடுமா?"

"ஓடாது சார்."

வக்கீல் திருப்தியாக உட்கார்ந்தார். ஆயம்மாள் தலையைக் குனிந்துகொண்டாள். பக்கிரி மேல் கோபம்கூட வரவில்லை. அவனுக்கும் குடும்பம் இருக்கிறதே என்றுதான் தோன்றியது.

சங்கத்தின் பக்கம் வாதாடத் தேவதாஸ் எழுந்தார். "இந்த ஒன்றர வருசமா ராத்திரி முறைக்கு யாருப்பா வந்தது?"

"நான்தான். சூப்பர்வைசரு அனுப்புனாரு. பகலு ஆயம்மாக்கா பாத்துக்குவாங்க."

"செக்சன் நின்னுதா?"

"நின்னுதே."

கோர்ட்டே அவனைப் பார்த்தது.

"கரண்டு போனப்பல்லாம் நின்னுது."

எல்லோரும் சிரித்துவிட்டார்கள். நீதிபதியும்தான்.

"இனிமேலும் வருவியா?"

"மேஸ்திரி அவங்க ஆனாலும் ராத்திரிக்கு நான் வரேன். எழுதிக்கோங்க சார். சீனியாரிட்டி அக்காவோடது. அத இன்னிக்கு நான் புடுங்குனா, நாளைக்கு என்னுத இன்னொருத்தன் புடுங்குவான்."

கடைசி பெஞ்சிலிருந்து கொளஞ்சி விருட்டென்று எழுந்து வெளியே போனாள்.

சில மாதம் கழித்துத் தீர்ப்பு வந்தது. அந்தச் சட்டம் பெண்களைப் பாதுகாக்கப் போட்டது, அதைக் காட்டிப் பதவி உயர்வை மறுக்கக்கூடாது. ஒன்றரை வருசம் மில்லே நடத்திக் காட்டிய ஏற்பாட்டை இப்போது முடியாது என்று சொல்வது சரியில்லை என்று நீதிபதி எழுதியிருந்தார். வேலை ஆயம்மாளுக்கு.

மில்லில் பக்கிரியைப் பார்த்து அவள் கும்பிட்டபோது, "அய்ய, கைய எறக்குக்கா, எல்லாரும் பாக்கறாங்க" என்று ஓடியேவிட்டான்.

அந்த ஞாயிற்றுக்கிழமை, பிள்ளைச்சாவடி மீன்காரியிடம் நல்ல சங்கரா மீனாகப் பார்த்து வாங்கிக்கொண்டு, கருவடிக்குப்பத்தில் பக்கிரி வீட்டுக்குப் போனாள். கொளஞ்சிதான் வாசலில் இருந்தாள்.

"வாங்க மேஸ்திரியம்மா! எங்க ஊட்டுக்கு வரவேண்டிய பதவி மீனு வாங்கிகினு வந்துருக்குது."

ஆயம்மாளுக்குச் சுருக்கென்றது. ஆனாலும் நின்றாள். "திட்டுமே, எவ்ளோ வேணா திட்டு. கோர்ட்டுல சொன்னது ஒன் புருசன்தான். ஆனா ராவுல புள்ளைங்கள வச்சிகினு தனியா கெடக்கப்போறது நீ. அதான் ஒன்னப் பாத்துட்டுப் போலாம்னு வந்தேன்."

கொளஞ்சி அவளை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு மீன் பையை வாங்கிக்கொண்டாள்.

"தனியா கெடந்தா என்னா? அந்த மனுசன் கொறட்ட இல்லாம அன்னிக்குத்தான் நான் தூங்கவே தூங்குறேன். உள்ள வாக்கா. கொழம்பா, வறுவலா?"

ஆயம்மாளுக்குக் கண் நிறைந்துவிட்டது. "ரெண்டும் வையி" என்றாள்.

அவள் ஓய்வு பெற்றபோது அந்த மேஸ்திரி வேலை முறைப்படி பக்கிரிக்குப் போனது. இடையில் யாரும் புகுந்து அதைப் பிடுங்கவில்லை.

படிக்கிறவர்களுக்கு ஒரு வேண்டுகோள். உங்கள் வேலையில், தனக்கு வரவேண்டியதை விட்டுக்கொடுத்து உங்கள் பக்கம் நின்ற பக்கிரி யாராவது உண்டா? வீட்டில் அதைத் தாங்கிக்கொண்ட கொளஞ்சி உண்டா? அவர்கள் பேரைக் கீழே எழுதுங்கள். எந்த மில், எந்தப் பிரிவு என்றும் சேர்த்து எழுதுங்கள். நான் எல்லாவற்றையும் படிப்பேன்.