அரைஞாண் கயிற்றில் ரிமோட்

"ஐயோ, என் அண்ணா!" என்று ராமாயி அத்தை அப்பாவின் உடல் மேல் விழுந்தாள். வீட்டுக்குப் பின்னால் வயலில் மோட்டார் ஓடத் தொடங்கியது.

அழுகைச் சத்தம் சட்டென்று நின்றது.

"யாரு மோட்டாரப் போட்டது?" என்று அம்மா அனுசுயா கண்ணைத் துடைத்துக்கொண்டு எழுந்தாள். "நாளைக்கு அறுப்பு மிஷின் வருது. தண்ணி நின்னா வயல்ல எறங்குமா?"

தியாகு மாமா ஓடிப்போய்ப் பார்த்துவிட்டு வந்தார். "மோட்டார் கொட்டகை பூட்டிக் கெடக்குக்கா."

"அண்ணன் மனசு இன்னும் வயல்லயே நிக்கிது," என்று அத்தை மறுபடி விழுந்தாள். மோட்டார் நின்றது. இன்னொரு தடவை விழுந்தாள். ஓடியது.

மகள் கயல்விழிக்கு மட்டும் விஷயம் புரிந்தது. போன ஆடியில், மோட்டாரை ரிமோட்டில் ஓட்ட ரிசீவரை மாட்டிக் கொடுத்தவள் அவள்தான். விரல் நீளத்தில் ஒரு போர்டு, மூன்று ஒயர், ஒரு ரிலே, ஏரியலுக்குச் சாண் நீளச் செம்புக் கம்பி. ஒரு அழுத்து அழுத்தினால் ஓடும், மறுபடி அழுத்தினால் நிற்கும். "இந்தக் கம்பியா தண்ணி இழுக்கப்போவுது?" என்று கேட்ட அப்பா, ஓடியதும் ஊர் முழுக்கச் சொல்லித் தீர்த்தார். ரிமோட்டை இரண்டு முறை சேற்றில் தொலைத்தபின், கொட்டகைச் சாவியோடு சேர்த்து அரைஞாண் கயிற்றிலேயே கட்டிக்கொண்டார்.

அத்தனை பேர் நடுவில் வேட்டிக்குள் கையை விட முடியுமா? அம்மாவின் காதில் சொன்னாள்.

"ராமாயி, தள்ளி உக்காந்து அழு. வயித்து மேல விழாத."

"எங்க அண்ணன் மேல விழ எனக்கு உரிமை இல்லையா அண்ணி?"

"இருக்கு. இப்ப ஓடிக்கிட்டு இருக்கு, இன்னும் ஒரே ஒரு தடவ விழு. நின்னுரும். அப்பறம் விழாத."

அத்தை விழுந்தாள். நின்றது. கயல்விழிக்குச் சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. விடியற்காலையிலிருந்து வராத அழுகையும் அதன் பின்னாலேயே வந்துவிட்டது.

குளிப்பாட்டும்போது மாமா கயிற்றை அறுத்து, ரிமோட்டையும் சாவியையும் அவள் கையில் கொடுத்தார்.

பெண்கள் தெருமுனையோடு நின்றுகொண்டார்கள். பாடை வயலோரமாகத் திரும்பி, கொட்டகையை நெருங்கியது. கயல்விழி ரிமோட்டை அழுத்தினாள். மோட்டார் ஓடியது.

அம்மா அவள் கையைப் பார்த்தாள். பாடை மூங்கில் கொத்தைத் தாண்டி மறைந்த பிறகுதான் வாயைத் திறந்தாள்.

"நிப்பாட்டிருடி. அறுப்பு இருக்கு."