ஆட்சேபணைக்கு ஒரு முத்திரை

வந்திருந்தவர்கள்: நில எடுப்பு அதிகாரி, சர்வேயர், நாடா பிடிக்க இரண்டு ஆட்கள், வண்டியை விட்டு இறங்காத டிரைவர். ஏற்கெனவே இருந்தவர்கள்: லேத் பட்டறைக்காரர், அவருடைய மச்சினன்.

பட்டறைக்காரர் ஒன்பது நாளாக வாசற்படி தாண்டவில்லை. படுக்கை, லேத்துக்கும் சுவருக்கும் நடுவே. சாலை போடப்போகிறோம் என்று அரசாங்கம் அந்த இடத்தைக் காகிதத்தில் எடுத்துப் பதினோரு வருடம் ஆகிறது. எடுத்ததோடு சரி, யாரும் எட்டிப்பார்க்கவில்லை. திங்கட்கிழமை தீர்ப்பு. வக்கீல் தெளிவாகச் சொல்லியிருந்தார்: "அன்னிக்கு இடம் உங்க கையில இருந்தா உங்களுது. இல்லைன்னா அவங்களுது. வெளிய கால் வைக்காதீங்க."

இன்று வெள்ளி.

அதிகாரி சத்தம் போடவில்லை. மிரட்டவுமில்லை. பட்டறைக்காரர் லேத்தை நிறுத்தப் போனார்.

"நிறுத்தாதீங்க, ஓட்டுங்க. உங்க வேலையைக் கெடுக்க வரல. என்ன கடையறீங்க?"

"புஷ். அச்சுக்குப் போடற வளையம்."

"பளபளன்னு இருக்கே."

ஆட்கள் நாடாவைச் சுவருக்குச் சுவர் இழுத்து அளவைச் சத்தமாகச் சொன்னார்கள். சர்வேயர் ஒன்றையும் எழுதிக்கொள்ளவில்லை. பட்டறைக்காரர் அதைப் பார்த்துக்கொண்டிருந்த நேரத்தில் அதிகாரி மச்சினனிடம் ஒரு தாளை நீட்டினார்.

"தம்பி, நாங்க வந்தோம்கிறதுக்கு ஒரு கையெழுத்து."

மச்சினனுக்குத் தன் கையெழுத்தின் மேல் தனிப் பிரியம். கீழே இரண்டு கோடு இழுத்து ஒரு புள்ளியும் வைத்துவிட்டுத்தான் நிமிர்ந்தான். பட்டறைக்காரர் பாய்ந்து வந்து தாளைப் பிடுங்கினார். 'இன்று பதினொன்று நாற்பதுக்கு இடம் அமைதியாக ஒப்படைக்கப்பட்டது. உரிமையாளர் ஆட்சேபம் தெரிவிக்கவில்லை.'

சுவர்க்கடிகாரத்தில் பத்து ஐம்பது.

"படிச்சியாடா இதை?"

"வந்ததுக்குன்னுதானே சொன்னார் மாமா?"

"உங்க அக்காவைக் கட்டினப்பவே யாராவது எச்சரிச்சிருக்கணும்." அதிகாரி பக்கம் திரும்பினார். "சார், மணி இன்னும் பதினொண்ணுகூட ஆகல."

அதிகாரி அவர் கையிலிருந்து தாளை உருவி மடித்துப் பையில் வைத்துக்கொண்டு கடிகாரத்தை நிதானமாகப் பார்த்தார். "ஆமா. நேரம் இருக்கு."

"நான் ஒப்படைக்கல. எனக்கு ஆட்சேபணை இருக்கு."

"தாராளமா எழுதிக் கொடுங்க. வாங்கிக்க வேண்டியது என் கடமை."

லேத்தை நிறுத்திவிட்டு உட்கார்ந்து எழுதினார். மோட்டார் ஓய்ந்ததும் பட்டறை பெரிதாகிவிட்டது போலிருந்தது. நாலு வரி, இரண்டு பிரதி.

"வாங்கினதுக்கு முத்திரை போட்டுக் கொடுங்க."

"வண்டியில இருக்கு."

"கொண்டுவரச் சொல்லுங்க."

"முத்திரைப் பெட்டி வண்டியை விட்டு இறங்கக் கூடாது, அது விதி. வேணாம்னா விடுங்க, முத்திரை இல்லாமலே வாங்கிக்கறேன். எனக்கென்ன?"

அதுதான் அவரை அடித்தது. பதினோரு வருடத்தில் மூன்று மனு கொடுத்திருக்கிறார். மூன்றிலும் முத்திரை இல்லை. அப்படி எதுவும் வரவே இல்லை என்று மூன்று முறையும் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார்கள். முத்திரை இல்லாத தாள் மூக்குச் சிந்தத்தான் ஆகும். வண்டி நிற்பதோ நாலே அடியில்.

"நீ இங்கேயே நில்லு," என்றார் மச்சினனிடம். "இடி விழுந்தாலும் அசையாதே."

"நான் எங்க போகப்போறேன் மாமா?"

வெளியே வெயிலில் கண் கூசியது. டிரைவர் அவசரப்படவில்லை. பெட்டியைத் திறந்தான், முத்திரையில் ஊதினான், இரண்டு பிரதியிலும் ஒவ்வொரு அழுத்து அழுத்தினான். ஊதா வட்டம், நடுவே தேதி, ஓர் எழுத்துகூடக் கலையவில்லை. பட்டறைக்காரர் தாளைக் கண்ணுக்கு அருகே கொண்டுபோய்ப் பார்த்தார். இவ்வளவு சுத்தமான முத்திரை அவருக்கு இதுவரை கிடைத்ததே இல்லை.

"நல்லா விழுந்திருக்கா மாமா?"

குரல் தோளுக்குப் பக்கத்தில் கேட்டது. திரும்பினார். மச்சினன் நின்றிருந்தான். கையில் நாடாவின் நுனி.

"தெரு விளிம்பு வரைக்கும் அளவு பார்க்கணுமாம். இதைக் கொஞ்சம் பிடிங்க தம்பின்னு சர்வேயர்தான்..."

நாடா தொய்ந்து தரையில் கிடந்தது. மறுமுனையை யாரும் பிடித்திருக்கவில்லை. சர்வேயரும் ஆட்கள் இருவரும் வாசலுக்கு வெளியே வந்துவிட்டிருந்தார்கள். அதிகாரி படியிறங்கி வழிவிட்டு நின்றார்.

பட்டறைக்காரர் ஓடினார். அவர் படியில் கால் வைப்பதற்குள் இரும்புக் கதவு சாத்தப்பட்டு, அதில் பூட்டு விழுந்தது.