ஒரு ஆளுக்கான மஃபின்

கப்புக்குள் பாதி வாழைப்பழத்தை முள்கரண்டியால் நசுக்கிக்கொண்டிருந்தபோது அழைப்பு மணி அடித்தது. அடித்த விதத்திலேயே அவளுக்கு ஆள் யாரென்று தெரிந்துவிட்டது. இரண்டு தரம் விட்டு விட்டு, பிறகு ஒரே நீளமாக. உள்ளே இருப்பவர்கள் விழுந்தடித்துக்கொண்டு ஓடி வந்து திறப்பார்கள் என்கிற நம்பிக்கை அந்த நீளத்தில் இருந்தது. வீட்டை விட்டுப் போய் மூன்று வருஷம் ஆகியும் அந்த நம்பிக்கையில் ஒரு கீறல்கூட விழவில்லை. அவள் ஓடவில்லை. பழம் கட்டியில்லாமல் மசிகிறவரை நசுக்கி, முள்கரண்டியைக் கப்பின் விளிம்பில் தட்டி வைத்துவிட்டு, அப்புறம்தான் போய்த் திறந்தாள்.

கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டு கணவன் நின்றிருந்தான். சட்டை மட்டும் வழக்கம்போல மடிப்புக் கலையாமல் இருந்தது. கம்பெனி ஆண்டு விழா, கடைத் திறப்பு, பிறந்தநாள் எதுவானாலும் மேடையேறி மைக்கைப் பிடித்துப் பேசுவது அவன் தொழில். அவள் வேலை பார்க்கும் பல் கட்டுகிற லேபில் அவனுக்கு 'மைக்' என்றே பெயர் வைத்திருந்தார்கள். போனபோது ஒரு பாட்டு டீச்சரோடு போனான். 'மைக் போச்சு, ஸ்பீக்கர் மிச்சம்' என்று லேபில் யாரோ சொல்ல, அவளும் சேர்ந்து சிரித்திருந்தாள். வீட்டுக்கு வந்த பிறகுதான் அதில் ஸ்பீக்கர் யார் என்று யோசித்தாள்.

"என்னாச்சு?"

அவன் கைக்குட்டையை எடுத்தான். மேல்வரிசையின் நட்டநடுவில், கதவைத் திறந்து போட்ட மாதிரி ஓர் இடைவெளி.

"ரஸ்க்கைக் கடிச்சேன்."

அந்த 'ஸ்' சீழ்க்கையாக வந்தது. கைக்குட்டையின் மடிப்பில் பல் இருந்தது. அது அவள் செய்த பல். கல்யாணமான புதிதில், அவனுடைய முன்பல்லுக்கு உறை போட வேண்டியிருந்தபோது, பக்கத்துப் பல்லின் மஞ்சளோடு ஒத்துப்போக வேண்டுமென்று நிறத்தை மாற்றி மாற்றிப் பார்த்து, கண் வலிக்க வலிக்கச் செய்தது. உறை அப்படியே முழுசாக இருந்தது. உள்ளே இருந்த அவனுடைய சொந்தப் பல்தான் மட்கி முறிந்திருந்தது. என் வேலை நிற்கிறது, உன் சரக்குதான் சொத்தை என்று வாய் வரைக்கும் வந்துவிட்டது.

"டாக்டர்கிட்ட போலாமே."

"போனேன். ஒரு வாரம் ஆகுங்கறான். நாளைக்குச் சாயங்காலம் ப்ரோக்ராம், பெரிய கம்பெனி. இப்படிப் போய் நின்னா மானம் போயிடும். நீ மனசு வச்சா தற்காலிகமா ஒண்ணு..."

"உள்ள வாங்க."

அந்த 'வாங்க'வைச் சொன்னதும் அவளுக்குத் தன்மேலேயே எரிச்சல் வந்தது. மனசுக்குள் அவனை எத்தனையோ நாள் 'அவன் இவன்' என்று கிழித்துத் தோரணம் கட்டியிருக்கிறாள். எதிரில் வந்து நின்றால் நாக்கு மட்டும் பழைய முதலாளியைக் கண்ட வேலைக்காரி மாதிரி எழுந்து நின்றுவிடுகிறது.

அவன் கேட்காமலேயே சமையலறை நாற்காலியில் உட்கார்ந்தான். அவள் விட்ட இடத்திலிருந்து வேலையைத் தொடர்ந்தாள். பழத்தோடு பாலும் எண்ணெயும் ஊற்றிக் கலக்கி, மைதாவும் சர்க்கரையும் போட்டு, விரல் நுனியில் வருகிற அளவு பேக்கிங் பவுடர் தூவி, கடைசியாக உலர் திராட்சை. எல்லாம் அதே கப்புக்குள்தான். வேறு பாத்திரம் கிடையாது. லேபில் பொடியையும் தண்ணீரையும் குழைத்துக் குழைத்துப் பழகிய கைக்கு இதெல்லாம் ஒரு வேலையே இல்லை. மாவு கரண்டியிலிருந்து எந்த வேகத்தில் விழ வேண்டும் என்று கைக்கே தெரியும்.

"என்னது அது?"

"மஃபின்."

"கப்புலயா? இந்த வயசுல சொப்பு வச்சு விளையாடுறியா?" சீழ்க்கையோடு சிரித்தான். "யாருக்கு?"

"எனக்கு."

அவன் கண் சமையல் மேடையில் இன்னொரு கப்பைத் தேடியது. இல்லை என்று தெரிந்ததும், தெரியாத மாதிரி ஜன்னலைப் பார்த்தது.

அவன் இருந்த காலத்தில் இந்தச் சமையலறையில் ஓர் ஆளுக்கென்று எதுவுமே ஆனதில்லை. நிகழ்ச்சி முடிந்து வரும்போது ஒலிபெருக்கிக்காரர், புகைப்படக்காரர், வழியில் கிடைத்தவர் என்று ஒரு கூட்டத்தையே இழுத்துக்கொண்டு வருவான். "நம்ம வீட்டம்மா இருபது பேர் வந்தாலும் முகம் சுளிக்க மாட்டா" என்று அவர்களிடம் அறிமுகம் செய்வான். மேடையிலும் இதை ஒரு நகைச்சுவையாகச் சொல்லிக் கைதட்டு வாங்குவான். முகம் சுளிப்பதற்கு எங்கே நேரம்? அவர்கள் கை கழுவிய பிறகு அடிப்பாத்திரத்தைச் சுரண்டி, நின்றபடியே வாயில் போட்டுக்கொள்வாள். அதைப் பெருமை என்று வேறு நினைத்திருந்தாள். அவன் மேலிருந்த வெறுப்பைவிட, அந்தப் பெருமைப்பட்டவள் மேல்தான் இன்றைக்கும் வெறுப்பு அதிகம். அவன் போன பிறகு கொஞ்ச காலம் ரொட்டியைக் கடித்தே ஓட்டினாள். பிறகொரு நாள் போனில் யாரோ கப்பில் மஃபின் செய்கிற வீடியோவைப் பார்த்தாள். மாவு, சூடு, கப், கரண்டி, முடிந்தது. யாருக்கு எவ்வளவு என்ற கணக்கே அதில் இல்லை. அதுதான் அவளுக்குப் பிடித்தது.

மைக்ரோவேவ் உறுமத் தொடங்கியது.

"அவளுக்குச் சத்தம் பிடிக்கலையாம்" என்றான் அவன். யார் என்று சொல்லவில்லை. "நான் வீட்ல பேசுறது தலைவலியா இருக்காம். சாப்பிடறப்பகூடப் பேசக் கூடாதாம்."

அது தெரிய அந்தப் பாட்டு டீச்சருக்கு மூன்று வருஷம் ஆயிற்றா, காது கேட்கிற ஒருத்தி என்றல்லவா நினைத்திருந்தேன் என்று எண்ணிக்கொண்டாள். கண்ணாடிக்குப் பின்னால் மாவு மெல்லத் தலை தூக்கி, விளிம்பைத் தாண்டி, நிற்க வேண்டிய இடத்தில் நின்றது. மணி அடித்ததும் துணியால் பிடித்து எடுத்து, அவனுக்கு எதிரிலேயே உட்கார்ந்து, கரண்டியை உள்ளே விட்டாள். ஆவியோடு வாழைப்பழ வாசனை எழுந்தது. வேண்டுமென்றே நிதானமாகச் சாப்பிட்டாள். அவன் கரண்டி போகிற வழியையும் வருகிற வழியையும் பார்த்துக்கொண்டிருந்தான்.

"மெத்துனு இருக்கும் போல" என்றான். "காலைலேர்ந்து ஒண்ணும் கடிக்க முடியல."

"மாவு அந்த டப்பால இருக்கு. கப்பு அலமாரில."

"நானா?"

"கை நல்லாதான இருக்கு."

எழுந்தான். ஊரையே ஒரு மைக்கில் கட்டிப்போடுகிற மனிதன், பதினாறு வருஷம் சாப்பிட்ட சமையலறையில், கரண்டி எந்த இழுப்பறையில் இருக்கிறதென்று தெரியாமல் ஒவ்வொன்றாகத் திறந்து மூடினான். அவள் உதவவில்லை. மீதி அரைப்பழத்தைக் கப்பில் போட்டு, அது வழுக்கி வழுக்கி ஓட, கரண்டியோடு துரத்தினான். பாலை ஊற்றி, மாவைக் கப்பின் கழுத்து வரைக்கும் கொட்டினான். பேக்கிங் பவுடரை ஒரு கரண்டி முழுக்கப் போட்டான். இவ்வளவு போடக் கூடாது என்று சொல்ல அவளுக்கு வாய் துடித்தது. சொல்லாமல் பார்ப்பதில் இருந்த சுகம் அதைவிடப் பெரிதாக இருந்தது.

மைக்ரோவேவுக்கு முன்னால் குனிந்து, முழங்காலில் கையை ஊன்றிக்கொண்டு பார்த்தான். மாவு எழும்பியது. "ஏ, வருது பாரு!" என்றான். முகத்தில் நிஜமான சந்தோஷம். மேடையில் பூசிக்கொள்கிற சந்தோஷத்தை அவள் நன்றாக அறிவாள். இது அதுவல்ல. மாவு இன்னும் எழும்பி, ஒரு பக்கம் சாய்ந்து, பொத்தென்று வழிந்து, கண்ணாடித் தட்டில் விழுந்து சுற்றத் தொடங்கியது. மிச்சம் கப்புக்குள் சுருங்கி உட்கார்ந்தது.

அவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. உடனே அடக்கினாள். இந்த ஆளைப் பார்த்துச் சிரிப்பது பழைய வழி. அந்த வழியில் போனால் கடைசியில் அடிப்பாத்திரத்தைச் சுரண்டிக்கொண்டு நிற்க வேண்டியிருக்கும்.

அவன் தொட்டியருகே நின்றபடியே சாப்பிட்டான், கடைவாய்ப் பக்கமாக ஒதுக்கி ஒதுக்கி. "நல்லாதான் இருக்கு" என்றான். பிறகு கரண்டியில் கொஞ்சம் எடுத்து அவள் பக்கம் நீட்டினான்.

"பாரேன்."

இந்த மனிதன் தன் கையால் அவளுக்கு எதையாவது நீட்டியதாக ஞாபகமில்லை. வாங்கி வாயில் போட்டாள்.

"கசக்குது."

"ஆமா" என்றான் அவன். "ரொம்பக் கசக்குது."

ஒப்புக்கொண்டுவிட்டான். இவ்வளவு சின்ன ஒப்புதலுக்கு உள்ளே ஏதோ இளகுகிறதே என்று அவளுக்கு அருவருப்பாக இருந்தது. தன் விலை இவ்வளவு மலிவா?

"நான் திரும்ப வந்துடட்டுமா?" என்றான், கப்பைப் பார்த்துக்கொண்டே.

"வாயைக் கொப்புளிங்க" என்றாள். "அச்செடுக்கணும்."

வேலைப் பையிலிருந்து ரப்பர் கிண்ணத்தையும் அச்செடுக்கும் ரோஸ் நிறப் பொடியையும் எடுத்தாள். தண்ணீர் விட்டு வேகமாகக் குழைத்து, வளைந்த தட்டில் நிரப்பி, அவன் தலையைப் பின்னால் சாய்த்து, மேல்வரிசையில் வைத்து அழுத்தினாள். "அசையாதீங்க. பேசாதீங்க. இறுகணும்."

விரலால் தட்டைத் தாங்கியபடி நின்றாள். மைக் வாயடைத்து உட்கார்ந்திருந்தது. கடைவாயில் எச்சில் வழிய, அதை ஏந்த மோவாய்க்குக் கீழே உள்ளங்கையை வைத்துக்கொண்டான். இத்தனை வருஷத்தில் அவளுக்குக் கிடைத்த முதல் இடைவேளை.

"உங்க ஃப்ரெண்ட்ஸெல்லாம் சாப்பிட்டப்புறம் நான் என்ன சாப்பிட்டேன்னு தெரியுமா உங்களுக்கு?" என்று ஆரம்பித்தாள். "ஒரு நாள்? ஒரே ஒரு நாள் கேட்டிருப்பீங்களா? மேடைல என்னை வச்சு ஜோக் சொல்லத் தெரிஞ்சுது. போறப்ப ஒரு வார்த்தை சொல்லணும்னு தெரியல. இப்ப அவளுக்குத் தலைவலின்னதும் நான் ஞாபகம் வந்துட்டேன். இல்ல, நான்கூட இல்ல. பல்லு ஞாபகம் வந்துச்சு."

அவன் தொண்டையிலிருந்து 'ம்' போல ஒன்று வந்தது. மறுப்பா, ஒப்புதலா, எச்சில் விழுங்கியதா, தெரியவில்லை. இரவுகளில் படுத்தபடி ஒத்திகை பார்த்த வசனங்கள் இன்னும் எத்தனையோ வரிசையில் நின்றன. அடுத்ததை எடுக்கப் போனபோதுதான் தன் குரல் அவள் காதில் விழுந்தது. ஏற்றம், இறக்கம், சரியான இடத்தில் ஒரு நிறுத்தம். எதிரில் பதில் பேச முடியாத ஒரு கூட்டம். இதைத்தானே அவன் ஊர் ஊராகப் போய்ச் செய்கிறான்? அவளுக்குக் கூசியது. வாயை மூடிக்கொண்டாள். அவன் கண் அவளையே பார்த்துக்கொண்டிருந்தது, இன்னும் சொல்லு என்பதுபோல.

இறுகியதும் தட்டை ஓர் இழுப்பில் கழற்றினாள். அவன் தொட்டியில் துப்பி, முகத்தைத் துடைத்துக்கொண்டு நிமிர்ந்தான்.

"காலைல வந்து வாங்கிக்கங்க" என்றாள். "ஒட்டாது, மாட்டிக் கழட்டுற மாதிரி இருக்கும். மெதுவாப் பேசுங்க."

"நான் கேட்டதுக்கு ஒண்ணும் சொல்லலையே?"

"பல்லுக்குத்தான வந்தீங்க?"

அவன் வாசல் பக்கம் போகவில்லை. மைக்ரோவேவைத் திறந்து, காய்ந்த மாவு ஒட்டிய கண்ணாடித் தட்டை வெளியே எடுத்து, அதை என்ன செய்வதென்று தெரியாமல் இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டு நின்றான். தண்ணீர் திறக்கிற சத்தம் சற்றுப் பொறுத்துக் கேட்டது.

அவள் திரும்பிப் பார்க்கவில்லை. பிளாஸ்டரைக் கரைத்து, அச்சின் ஒரு மூலையில் விட்டு, குமிழி தங்காமல் இருக்க மேசை விளிம்பில் தட்டிக்கொண்டே இருந்தாள். வெள்ளைக் குழம்பு கடைவாயிலிருந்து மெதுவாக நகர்ந்தது. ஒரு பல்லின் குழிக்குள் இறங்கியது, நிரம்பியது, அடுத்ததுக்குள் இறங்கியது. நடுவில் குழியே இல்லாத வழவழப்பான இடம் வந்தபோது நிற்காமல் அதன்மேல் வழுக்கிக்கொண்டு அந்தப் பக்கம் போனது.