செலஸ்டீன் கணக்கு

விட்கம் எங்கள் மாடிக்கு வரப்போகிறான் என்று தெரிந்த அன்றே எனக்கு அலுப்புத் தட்டிவிட்டது. கம்பெனி அனுப்பி ஸ்டாப்வாட்ச்சோடு வருகிறவன் அவன். ஒருத்தியின் பின்னால் முக்காலி போட்டு உட்கார்ந்து, ஒரு கட்டு ஷூத்தோல் தைக்க அவளுக்கு எவ்வளவு நேரம் ஆகிறது என்று பார்ப்பான். அவள் வேகமாகத் தைத்துவிட்டால் போச்சு, அதுவே எல்லோருக்கும் கணக்காகிவிடும். கூலி அப்படியே இருக்கும், கட்டு மட்டும் ஏறும். அந்த வருடங்களில் ஹேவரில் என்கிற எங்கள் ஊரில் எந்த ஷூ கம்பெனிக்குப் போனாலும் இதே கதைதான்.

அதனால் தையல் அறையில் நாங்களே ஒரு கணக்கு வைத்திருந்தோம். நாளுக்கு இத்தனை கட்டு, அதற்கு மேல் ஒருத்தியும் தைக்கக் கூடாது. சீக்கிரம் முடித்தவள் மிஷினில் எண்ணெய் துடைப்பாள், நூலுக்கு மெழுகு தேய்ப்பாள். மீறித் தைக்கிறவளோடு சாப்பாட்டுக்கு யாரும் உட்கார மாட்டோம். கியூபெக்கிலிருந்து வந்த பிரெஞ்சுக்காரிகள் பாதி, எங்களைப் போல் போலந்துக்காரிகள் பாதி. வேறு எதிலும் நாங்கள் ஒத்துப்போனதாக எனக்கு நினைவில்லை.

அந்தக் கணக்கை வைத்துத்தான் செலஸ்டீன் அக்காவின் பிழைப்பும் ஓடிக்கொண்டிருந்தது. அறையிலேயே மூத்தவள் அவள். ஷூவின் முன்தோலையும் பக்கத்தோலையும் சேர்த்துத் தைப்பதில் ஒரு காலத்தில் அவளை அடித்துக்கொள்ள ஆள் கிடையாது. இப்போது கணுவெல்லாம் வீங்கி, குளிர் வந்தால் விரல் மடங்காது. ஈஸ்டருக்குப் பிறகு அவளால் கணக்கை முடிக்கவே முடியவில்லை. முடிக்காதவளை மேஸ்திரி அதிக நாள் வைத்திருக்க மாட்டார். எனவே நாங்கள் ஆளுக்கு ஒரு நாள் என்று, தைத்த கட்டை அவள் கூடையில் தள்ளிவிடுவோம். புருஷன் போய்ச் சேர்ந்துவிட்டார், பிள்ளையும் இல்லை. என் வீட்டுக்குக் கீழ்மாடியில் தனியாக இருந்தாள். வேலை போனால் அவளுக்கு வேறு போக்கிடம் கிடையாது.

விட்கம் வருவதற்கு முந்தின நாள் சாப்பாட்டு நேரத்தில் கூடிப் பேசினோம். முக்காலி போட வசதியான முதல் மிஷினில் லியோகாடியாவை உட்கார வைப்பதென்று முடிவாயிற்று. விழுந்து விழுந்து வேலை செய்கிற மாதிரி இருக்கும், ஆனால் ஒன்றும் நகராது. அந்தத் திறமை அவளுக்குத்தான் உண்டு.

“நாலஞ்சு தடவை நூலை அறுத்துக்கறேன். ஊசியைப் பார்த்துக் கொஞ்சம் அழறேன். போதுமா?” என்றாள் லியோகாடியா.

“அழுகையெல்லாம் வேணாம்டி. உன் மூஞ்சிக்கு நம்ப மாட்டான்,” என்றேன் நான்.

செலஸ்டீன் அக்கா பட்டாணி சூப்பை ஆற்றிக்கொண்டே, “நான் என்னடி பண்ணணும்?” என்று கேட்டாள்.

“நீ ஒண்ணும் பண்ண வேணாம்க்கா. உன் கூடையை நாங்க ரொப்பிக்கறோம். நீ பாட்டுக்கு ஜெபமாலை உருட்டிக்கிட்டு இரு.”

எல்லோரும் சிரித்தோம், அக்காவும் சிரித்தாள். சூப் தூக்கின் மூடியைத் திருக வராமல் என்னிடம் நீட்டினாள். நான் மூடிக் கொடுத்தேன்.

மறுநாள் காலை விட்கம் வந்தான். லியோகாடியாவை ஏற இறங்கப் பார்த்தான். “நீ போன வருஷம் மேல்மாடியில இருந்தவதானே? உன் கூத்தை அங்கேயே பார்த்துட்டேன்மா,” என்று சொல்லிவிட்டு, முக்காலியை இழுத்துக்கொண்டு போய் நேராக செலஸ்டீன் அக்காவின் பின்னால் போட்டான்.

எனக்கு வாயெல்லாம் பல். இதைவிட நல்லது நாங்கள் கேட்டாலும் கிடைத்திருக்காது. அவள் தைக்கிற தையலை அளந்தான் என்றால் கட்டைக் குறைத்தாலும் குறைத்துவிடுவான்.

அக்கா விரல்களில் சுற்றியிருந்த கம்பளித் துணியை அவிழ்த்தாள். மடித்து ஏப்ரனுக்குள் வைத்தாள். பிறகு தைக்க ஆரம்பித்தாள்.

முதல் கட்டிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. தோல் வளைகிற இடத்தில் நாங்கள் எல்லோரும் மிஷினை நிறுத்தித் திருப்புவோம். அவள் நிறுத்தவில்லை. நான் இருமினேன். லியோகாடியா கத்தரிக்கோலைக் கீழே போட்டாள், அது எங்களுக்குள் ஜாடை. எடுத்துத் திரும்பவும் போட்டாள்.

“யாருக்கு அங்கே கை நடுங்குது?” என்றான் விட்கம்.

அக்கா திரும்பவே இல்லை. அடுத்த கட்டு, அதற்கு அடுத்த கட்டு என்று மதியச் சங்கு ஊதுகிறவரை தைத்தாள். நான் பல்லைக் கடித்துக்கொண்டு பார்த்தேன். பார்க்க அவ்வளவு அழகாக இருந்தது, அதில்தான் எனக்கு இன்னும் ஆத்திரம்.

விட்கம் எழுந்து மேஸ்திரியிடம் சொன்னான். “இந்த வயசுல இவங்களாலயே முடியுதுன்னா, மத்தவங்க இத்தனை நாளா உங்களை ஏமாத்தியிருக்காங்க.”

சாயங்காலம் கழுவுமிடத்தில் அவளைப் பிடித்தேன். வெந்நீர்க் குழாய்க்கடியில் கைகளை நீட்டிக்கொண்டு நின்றாள். விரல்கள் ஒன்றோடொன்று ஒட்டிக்கொண்ட மாதிரி வீங்கியிருந்தன.

“உனக்கென்ன பைத்தியமாக்கா? எங்களை விடு. நாளைக்கு நீ தைப்பியா இந்தக் கணக்கை?”

“மாட்டேன்.”

“தெரிஞ்சுமா பண்ணின?”

“ஈஸ்டர்லேர்ந்து என் கூடையில கட்டு விழுதே, அது எனக்கு எப்படி இருக்கும்னு யாராவது நினைச்சீங்களா? தினம் குனிஞ்சு தைக்கற மாதிரி இருந்துட்டு, நீங்க போடறதை வாங்கிக்கிட்டு இருந்தேன்.” கைகளைத் தண்ணீரில் திருப்பிக் காட்டினாள். “அவன் வாட்ச்சை அமுக்கினான் பாரு, எனக்கு வேற ஒண்ணுமே ஞாபகம் வரலை. என் கை இன்னும் இருக்கான்னு பார்க்கணும் போல இருந்துச்சு, புரோன்கா.”

திட்டுவதற்கென்று நிறைய வைத்திருந்தேன். குழாயை மூடக்கூட அவளால் முடியவில்லை, நான்தான் மூடினேன்.

புதுக் கணக்கு அடுத்த வாரமே சுவரில் ஏறியது. பழைய கூலிக்கே நாங்கள் நாயாகப் பாடுபட வேண்டியதாயிற்று. எண்ணெய் துடைக்க நேரமில்லை, மெழுகு தேய்க்க நேரமில்லை. அவள் கூடையில் போட யாரிடமும் கட்டு மிஞ்சவில்லை. ஒரு நாள் என் கட்டு ஒன்றைத் தள்ளினேன். எடுத்து என் கூடையிலேயே திரும்பப் போட்டாள். “முதல்ல உன் கணக்கை முடி,” என்றாள். முதல் பனி விழுவதற்குள் மேஸ்திரி அவளை அனுப்பிவிட்டார். தலைகுனிந்துகொண்டுதான் சொன்னார். அதனால் யாருக்கு என்ன லாபம்?

பேர் மட்டும் நின்றுவிட்டது. மேஸ்திரிதான் முதலில் ‘செலஸ்டீன் கணக்கு’ என்றார், பிறகு நாங்களும் அப்படியே சொல்ல ஆரம்பித்துவிட்டோம். ‘செலஸ்டீன் முடிஞ்சுதா?’ என்றுதான் சாயங்காலம் ஒருத்தியை ஒருத்தி கேட்டுக்கொள்வோம்.

போன மாதம், மூடிப்போன வேறொரு கம்பெனியிலிருந்து ஒருத்தி வந்து என் பக்கத்து மிஷினில் உட்கார்ந்தாள். கிரேக்கக்காரி, இரண்டு பிள்ளைக்காரி. மூன்றாம் நாள் கூடையைப் பார்த்து அப்படியே சோர்ந்துபோனாள்.

“யாரு அக்கா இந்த செலஸ்டீன்? எந்த மகராசி இப்படித் தைச்சுக் குடுத்துட்டுப் போனா? அவ கை விளங்குமா?”

“விளங்கலை,” என்றேன். “தினம் காலையில அவளுக்கு ரவிக்கைப் பித்தானைப் போட்டுவிட்டுட்டுத்தான் நான் வேலைக்கு வரேன்.”

அவள் என்னையே பார்த்தாள். மேஸ்திரி அந்தப் பக்கம் வருவது தெரிந்ததும் இரண்டு பேரும் மிஷின் பக்கம் திரும்பிக்கொண்டோம்.